விளக்கின் முன் வாங்கிய புடவை

கிழக்கேப்பாறை
நவம்பர் 20

அன்புள்ள ஏட்டனுக்கு,

விலாசினி எழுதுவது. நானும் நம் மகள் ப்ரசீதாவும் நலம். ஐப்பசி மழை ஒருவழியாக நின்றது. கிழக்கு வயலில் அறுப்பு முடிந்து வைக்கோலும் வீடு வந்து சேர்ந்துவிட்டது. பாலைவனமானாலும் தம்மாமில் இப்போது குளிர் ஆரம்பித்திருக்கும். போன வருஷம் மாதிரி நெஞ்சில் சளியைக் கட்டிக்கொண்டு, யாரிடமும் சொல்லாமல் வேலைக்குப் போகாதீர்கள்.

இந்தத் தடவை பெரிய செய்தி உங்கள் மகள்தான். சுடிதார் வாங்கிவிட்டாள். அவள் போகிற டுட்டோரியல் காலேஜில் பாவாடை தாவணியில் வருகிறவள் இவள் ஒருத்திதானாம். பஸ்ஸில் ஏறினால் கண்டக்டர், "பாட்டிம்மா, உள்ள போங்க" என்கிறானாம். வருஷம் முழுக்க இதைச் சொல்லியே என் உயிரை எடுத்தாள். நேற்று முதல் தடவையாகப் போட்டுக்கொண்டு குளத்துப் பக்கம் போயிருக்கிறாள். துணி துவைத்துக்கொண்டிருந்தவர்கள், "இந்திக்காரி வர்றாடீ, வழி விடுங்க" என்று சிரித்தார்களாம். இவளும் விடவில்லை. "நீங்க மாட்டியிருக்கிற நைட்டி மட்டும் உங்க தறவாட்டுச் சொத்தோ?" என்று கேட்டுவிட்டு வந்திருக்கிறாள். வாய் அப்படியே உங்கள் வாய்.

நான் வாங்கிக் கொடுத்தேன் என்று நினைக்காதீர்கள். முச்சந்தியில் இருக்கிற வாசு முதலாளியின் ஜவுளிக்கடை வருஷா வருஷம் காலண்டர் போடுமே, குருவாயூரப்பன் படத்தோடு? இந்த வருஷம் அதில் கல்யாணப் பெண் படம் வேண்டும் என்று முதலாளிக்குத் தோன்றியிருக்கிறது. செட்டு முண்டு கட்டிய பெண், விளக்கின் முன்னால் மாப்பிள்ளை கையிலிருந்து புடவை வாங்குகிற மாதிரி. ஊசிநூல் வாங்கப் போன ப்ரசீதாவின் தலைமுடியைப் பார்த்துவிட்டு, இந்தப் பெண்தான் என்று பிடித்துக்கொண்டார். கூலியாக ஒரு சுடிதார். "பழைய வேஷத்த ஒரு மணி நேரம் போட்டா புது வேஷம் கிடைக்குது, யாராச்சும் விடுவாங்களா அம்மே?" என்றாள். சரி, தெரிந்த கடை, நானும் கூடப் போகிறேன் என்று சம்மதித்தேன்.

முதலாளி வீட்டு நடுமுற்றத்தில்தான் படம் எடுத்தார்கள். போய்ப் பார்த்தால் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நெல் அளக்கிற பறையில் பாதிதான் நிறைந்திருந்தது. தென்னம்பாளை இல்லை. விளக்கில் எண்ணெய்கூட இல்லை, படத்தில் தெரியாதாம். ஆண்பிள்ளைகள் ஏற்பாடு செய்தால் அப்படித்தான். நான் பறையை நிறைத்து, பாளை வெட்டிவரச் சொல்லி, திரி போட்டு விளக்கையும் ஏற்றினேன். புடவையை ஒற்றைக் கையால் வாங்கப் போனவளை அதட்டி, ரெண்டு கையையும் நீட்டச் சொன்னேன். போட்டோ எடுக்க வந்தவர், "சேச்சி, நீங்க கல்யாணமே பண்ணி வச்சிருவீங்க போல" என்றார்.

மாப்பிள்ளையாக நிற்க வேண்டிய திருச்சூர்ப் பையன் பஸ்ஸை விட்டுவிட்டான். அதனால் கடையில் துணி கிழித்துக் கொடுக்கிற சசிதரனை நிறுத்தினார்கள். முதலாளியின் அக்கா மகன். முப்பது வயது இருக்கும். நெற்றியில் சந்தனம், துவைத்த வேட்டி, குரல் உயர்த்தாத பேச்சு. வெளிச்சம் போதவில்லையோ என்னவோ, எங்களை வெகுநேரம் நிற்க வைத்துவிட்டுத்தான் எடுத்தார்கள். அவன் புடவையைக் கொடுத்ததும், இன்னொரு தடவை கொடுங்கள், வேறு பக்கத்திலிருந்து எடுக்க வேண்டும் என்றார் போட்டோக்காரர். அவன் மாட்டேன் என்றுவிட்டான். ஒரு தடவைதான் கொடுக்கணும் என்றான். எல்லோரும் சிரித்தோம். அவன் மட்டும் சிரிக்கவில்லை.

ஹம்ஸா ராவுத்தர் மகள் ருக்கியாதான் படத்துக்கு ப்ரசீதா போட்ட ரவிக்கையைத் தைத்தாள். கழுத்தை வட்டமாக வெட்டி, கைக்குக் கசவுச் சரிகைக் கரை வைத்திருக்கிறாள். படத்தில் உங்கள் மகளைப் பார்த்தால் அடையாளம் தெரியாது. கடவுள் உங்களை நல்லபடி வைத்திருக்கட்டும்.

இப்படிக்கு,
விலாசினி

•

கிழக்கேப்பாறை
ஜனவரி 16

அன்புள்ள ஏட்டனுக்கு,

உங்கள் கடிதம் வந்தது. நெஞ்சுச் சளிக்கு மருந்து வாங்கினீர்கள் என்று படித்தபிறகுதான் சோறு இறங்கியது. நீங்கள் கேட்ட காலண்டரை அனுப்பவில்லை. கோபித்துக்கொள்ளாதீர்கள். ஏன் என்று எழுதுகிறேன்.

படம் நன்றாக வந்திருக்கிறது. ரொம்ப நன்றாகவே வந்திருக்கிறது, அதுதான் தொல்லை. ரேஷன் கடையில் அது, பால் சொசைட்டியில் அது, டீக்கடையில் அது. எந்த வீட்டுக்குள் நுழைந்தாலும் என் மகள் தலைகுனிந்து நின்று சசிதரன் கையிலிருந்து புடவை வாங்கிக்கொண்டிருக்கிறாள். ஊரிலுள்ள பெண்பிள்ளைகளுக்கெல்லாம் இப்போது அதே ரவிக்கை வேண்டுமாம். இவ்வளவு நாள் சுடிதார், மிடி என்று அலைந்தவர்கள் பெட்டியிலிருந்து அம்மாவின் செட்டு முண்டைத் தூக்கிக்கொண்டு வந்து ருக்கியாவின் வாசலில் நிற்கிறார்கள். காலண்டர் ரவிக்கை என்று அதற்குப் பெயரே வைத்துவிட்டார்கள். ருக்கியாவுக்கு நல்ல யோகம், ராத்திரி பகல் மிஷின் ஓடுகிறது.

கேலிக்கும் குறைவில்லை. மாப்பிள்ளை வீட்டில் சுகமா என்று பஸ்ஸில் கேட்கிறார்கள். ப்ரசீதா முதலில், "மாப்பிள்ளைக்கு என்ன, மீட்டர் கணக்குல அன்பு காட்டுறாரு" என்று திருப்பிக் கொடுத்துக்கொண்டிருந்தாள். இப்போது கொடுப்பதில்லை.

காரணம், திருவாதிரை அன்று சசிதரன் வீட்டுக்கு வந்தான். கையில் கூவைக்கிழங்கு மாவும் ஒரு பொட்டலத்தில் செட்டு முண்டும். கடையிலிருந்து எல்லோருக்கும் கொடுக்கிறார்களாக்கும் என்று உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்துக் காப்பி கொடுத்தேன். கல்யாணம் ஆகி வருகிற முதல் திருவாதிரைக்குச் சீர் கொடுக்க வேண்டாமா அம்மே என்றான். என்னை அம்மே என்று கூப்பிட்டான், ஏட்டா. நான் விளையாட்டு என்று நினைத்துச் சிரித்தேன். அவன் டம்ளரைக் கழுவி, கவிழ்த்து வைத்துவிட்டுப் போனான்.

பொட்டலத்தைத் திருப்பி அனுப்பினேன். மறுநாள் அது திண்ணை மேல் இருந்தது. மறுபடி அனுப்பினேன். மறுபடி இருந்தது.

பஸ் ஸ்டாண்டிலும் நிற்கிறானாம். கிட்டே வருவதில்லை, பேசுவதில்லை. இவள் ஏறுகிற பஸ்ஸில் ஏறி, இவள் இறங்குகிற இடத்தில் இறங்கி, காலேஜ் வாசல்வரை பின்னால் நடந்துவிட்டுக் கடைக்குத் திரும்பிவிடுகிறான். ஒரே ஒரு நாள் பேசியிருக்கிறான். கல்யாணம் ஆன பெண் சுடிதார் போட்டுக்கொண்டு டவுனுக்குப் போவது நன்றாக இல்லை என்று, அதுவும் மெதுவாக, மற்றவர் காதில் விழாமல்.

போன வெள்ளிக்கிழமை நடந்ததை எழுதக் கை வரவில்லை, ஆனாலும் எழுதுகிறேன். சுடிதாரைத் துவைத்துக் கொடியில் போட்டிருந்தாள். நான் மாட்டுக்குத் தண்ணீர் காட்டிவிட்டு வருவதற்குள் அதைக் காணவில்லை. அதே இடத்தில் ஒரு செட்டு முண்டு தொங்கியது. சும்மா போட்டிருக்கவில்லை. ஓரத்தோடு ஓரம் சேர்த்து, கடையில் மடிப்பார்களே, அந்த மடிப்பு. கிளிப்பும் குத்தியிருந்தது. பட்டப்பகல். நான் தொழுவத்தில்தான் இருந்தேன், நாய்கூடக் குரைக்கவில்லை. அவன் எத்தனை தடவை வந்துபோயிருந்தால் நாய்க்குப் பழகியிருக்கும் என்று நினைத்ததும் உள்ளே போய்க் கதவைத் தாழ்போட்டேன்.

நீங்கள் வாசு முதலாளிக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். ஆண்பிள்ளை எழுதினால் மதிப்பு வேறு. கொஞ்சம் கடுமையாகவே எழுதுங்கள்.

இப்படிக்கு,
விலாசினி

•

கிழக்கேப்பாறை
மார்ச் 11

ப்ரசீதாவின் அச்சனுக்கு,

நீங்கள் எனக்கு எழுதவில்லை. என் அண்ணன் மாதவேட்டனுக்கு எழுதியிருக்கிறீர்கள். அவர் உங்கள் கடிதத்தை என் முன்னால் விரித்து வைத்துப் படித்தார். பையன் குடிக்கிறதில்லை, புகைக்கிறதில்லை, ஒன்றும் கேட்கவில்லை, விளக்கு ஏற்றி வைத்தவளே விலாசினிதான், இனி ஊர் வாயை எதற்கு வளர்க்க வேண்டும், நீங்களே யோசித்து முடிவு செய்யுங்கள் என்று இருந்தது. அது உங்கள் கையெழுத்துதான். நான் ரெண்டு தடவை வாங்கிப் பார்த்தேன்.

எனக்கு எவ்வளவு கோபம் வந்தது என்று எழுதினால் தாள் போதாது. சசிதரன் உங்களுக்கு எழுதியிருக்கிறான் என்பதும் அப்போதுதான் தெரிந்தது. உங்கள் விலாசம் அவனுக்கு எப்படிக் கிடைத்தது என்று யோசித்தீர்களா? தபால்காரர் இப்போது நம் வீட்டுக் கடிதங்களை அவன் கையில்தான் கொடுக்கிறார். கேட்டால், மருமகன்தானே சேச்சி, உங்களுக்கு அலைச்சல் மிச்சம் என்கிறார். உறை ஒட்டியபடியேதான் வருகிறது. ஆனால் பசை ஈரமாக இருக்கிறது.

மாதவேட்டனிடம் நான் சண்டை போட்டேன். காலண்டருக்கு எடுத்த போட்டோ கல்யாணமாகுமா என்று கேட்டேன். அவர் வெற்றிலையை மடித்துக்கொண்டே, "நம்ம அம்மைக்கு யாருடி தாலி கட்டினா? விளக்கு முன்னாடி அச்சன் புடவை கொடுத்தாரு, அம்ம வாங்கினா. முடிஞ்சது. ஊர்ல பாதி பேரு அப்படி வந்தவங்கதானே" என்றார். வாங்க வேண்டும் என்று இவளும், கொடுக்க வேண்டும் என்று அவனும் நினைத்திருக்க வேண்டாமா என்றேன். அவன் நெனச்சுத்தானே கொடுத்தான் என்றார்.

அது உண்மைதான், ஏட்டா. பாலக்காட்டில் அந்தப் போட்டோக்காரரைத் தேடிப் போய்ப் பார்த்தேன். அன்றைக்கு எங்களை நிற்க வைத்தது வெளிச்சத்துக்காக இல்லையாம். ராகுகாலம் போகட்டும் என்று சசிதரன் கேட்டுக்கொண்டானாம். திருச்சூர்ப் பையன் பஸ்ஸை விட்டதும் தானாக நடந்ததா என்று எனக்கு இப்போது சந்தேகமாக இருக்கிறது.

போலீஸ் ஸ்டேஷனுக்கும் போனேன். ருக்கியா துணைக்கு வந்தாள். உள்ளே நுழைந்ததுமே எதிர்ச் சுவரில் அந்தக் காலண்டர். ரைட்டர் என்னையும் பார்த்தார், படத்தையும் பார்த்தார். "இந்தப் பொண்ணா? அதான் மாப்பிள்ளையோட சந்தோஷமா நிக்குதே. புருஷன் பெண்டாட்டிச் சண்டைக்கெல்லாம் இங்க வராதீங்கம்மா" என்று சொல்லி, உட்காரக்கூடச் சொல்லாமல் அனுப்பிவிட்டார். ருக்கியா வழியெல்லாம் அழுதுகொண்டே வந்தாள், அந்த ரவிக்கையைத் தைத்த பாவம் தன்னையும் சேரும் என்று.

மாதவேட்டனும் அவன் வீட்டாரும் முடிவு செய்துவிட்டார்கள். பந்தல் கிடையாது, சத்யை விருந்து கிடையாது, பத்திரிகை கிடையாது. எல்லாம்தான் நவம்பரிலேயே நடந்துவிட்டதே. இனிப் பெண்ணைக் கூட்டிக்கொண்டு போவது மட்டும்தான் பாக்கியாம். பகவதி கோயில் வேலைத் திருவிழா முடிந்து, சித்திரை விஷு அன்று விடியற்காலை கணி கண்டவுடன் அவன் வீட்டார் ஜீப்போடு வருவார்கள். ஒரு கல்யாண நாள் என்று இருந்தாலாவது நாலு பேர் முன்னால் முடியாது என்று சொல்லலாம். சொல்லுவதற்கு ஒரு நாள்கூட இல்லாமல் செய்துவிட்டார்கள்.

ப்ரசீதா காலேஜுக்குப் போவதில்லை. கண்ணாடி முன்னால் அரை மணி நேரம் நிற்கிறவள், பழைய நைட்டியைப் போட்டுக்கொண்டு அடுக்களை மூலையில் உட்கார்ந்திருக்கிறாள். தலை வாருவதில்லை. முடியை வெட்டிவிடலாமா என்று ஒரு நாள் கேட்டாள். மறுநாளே அவன், முடியில் கை வைக்கக் கூடாது என்று சொல்லி அனுப்பிவிட்டான், மாதவேட்டன் வழியாக. அடுக்களையில் என்னிடம் மட்டும் சொன்னது அவனுக்கு எப்படித் தெரிந்தது என்று எங்களுக்குத் தெரியவில்லை. அதன்பிறகு நாங்கள் ரெண்டு பேரும் அம்மியில் அரைத்துக்கொண்டுதான் பேசுகிறோம்.

நேற்று அம்மி அரைக்கும்போது கேட்டாள், "நான் வாங்கினது துணிதானே அம்மே?" என்று.

உங்களைக் கெஞ்சிக் கேட்கிறேன். சம்மதமில்லை என்று மாதவேட்டனுக்கு ஒரு தந்தி அடியுங்கள்.

விலாசினி

•

கிழக்கேப்பாறை
ஏப்ரல் 9

ஏட்டனுக்கு,

இதைத் தபாலில் போடவில்லை. லீவு முடிந்து தம்மாமுக்கே திரும்புகிற ஹம்ஸா ராவுத்தர் கையில், மாங்காய் ஊறுகாய் பாட்டிலுக்கு அடியில் வைத்துக் கொடுக்கிறேன். அவர் போன பிறகு பிரித்துப் படியுங்கள். தந்தி வரவில்லை. அடித்தீர்களா இல்லையா என்று நான் கேட்கப்போவதில்லை. அடித்திருந்தாலும் யார் கைக்குப் போயிருக்கும் என்று தெரியும்.

ப்ரசீதா இங்கே இல்லை.

பகவதி கோயில் வேலைத் திருவிழாவுக்கு இந்த வருஷம் நல்ல கூட்டம். சாயங்காலம் தாலப்பொலிக்கு ஊர்ப் பெண்கள் எல்லோரும் தட்டில் விளக்கேந்தி வரிசையாகப் போவார்களே. இவளையும் அனுப்ப வேண்டும் என்று சசிதரனே சொன்னான். அவன் மூன்றாம் முறையாகக் கொண்டு வந்த அந்த செட்டு முண்டைத்தான் கட்ட வேண்டும், காலண்டரில் இருக்கிற மாதிரியே பின்னலும் பூவும் இருக்க வேண்டும் என்றான். சரி என்றேன். நானே கட்டிவிட்டேன், பூ வைத்துவிட்டேன். நான் வழிக்கு வந்துவிட்டேன் என்று மாதவேட்டனுக்கு ஒரே சந்தோஷம்.

ஆனால் அன்று வரிசையில் நின்ற பெண்கள் அத்தனை பேரும் காலண்டரில் இருக்கிற மாதிரிதான் இருந்தார்கள். அதே கரை, அதே வட்டக் கழுத்து, அதே பின்னல். பெற்ற எனக்கே கொஞ்ச தூரத்திலிருந்து பார்த்தால் யார் யார் என்று தெரியவில்லை. செண்டை முழங்க, புகையும் தூசியும் எழும்ப, அவன் வரிசைக்குப் பக்கத்திலேயே நடந்துகொண்டிருந்தான். ஆலமரத்துத் திருப்பத்தில் யானைக்கு வழிவிட எல்லோரும் ஒரு பக்கமாக ஒதுங்கினார்கள். திரும்ப வரிசை சேர்ந்தபோது அவன் நடந்தது மேலேத்து வீட்டுப் பெண்ணின் பக்கத்தில். கோயில் நடை வரைக்கும் அவள் முதுகைப் பார்த்துக்கொண்டே நடந்தான். நான் எதிர்ப்பக்கம் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

எங்கே போனாள் என்று கேட்பீர்கள். எனக்குத் தெரியாது. தெரிய வேண்டாம் என்று, அவளை அனுப்பி வைத்த ருக்கியாவிடம் நான்தான் சொன்னேன். என்னை அடித்துக் கேட்டால் தாங்குவேன். அழுது கேட்டால் சொல்லிவிடுவேன், நான் அப்படிப்பட்டவள் என்று உங்களுக்குத் தெரியும். மாதவேட்டன் அழுது கேட்டார், நல்லவேளை, சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை. அடுத்து அடிக்கவும் அடித்தார். அது பரவாயில்லை, வீக்கம் வற்றிவிட்டது.

சசிதரன் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்கு இவ்வளவு பயம் இருக்காது. மறுநாள் காலையில் ஒரு பையோடு வந்தான். வாசல் படியில் உட்கார்ந்தான். அவ வரட்டும் அம்மே, எனக்கு அவசரமில்லை என்றான். கடைக்குப் போவதில்லை. சாணி தெளிக்கிறான், மாட்டுக்கு வைக்கோல் போடுகிறான், நாய்க்குச் சோறு வைக்கிறான். ஊரார் அவனைப் பார்த்துப் பரிதாபப்படுகிறார்கள். என்னைப் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார்கள். தினமும் தபால்காரர் வரும் நேரத்துக்குப் படியிலிருந்து எழுந்து கேட் வரை நடந்து போய் நிற்கிறான். அவள் என்றாவது ஒரு நாள் எழுதாமலா இருப்பாள் என்று அவனுக்குத் தெரியும். எனக்கு எழுதக் கூடாது என்று சொல்லித்தான் அனுப்பியிருக்கிறேன். பத்தொன்பது வயதுக்காரி, எத்தனை நாள் தாங்குவாள்?

எழுதாமல் இருக்க முடியாவிட்டால் அச்சனுக்கு எழுது என்று சொல்லியிருக்கிறேன். ராவுத்தரின் கம்பெனி விலாசத்துக்கு வரும். அவர் கொண்டுவந்து தருவார்.

அதனால்தான் இவ்வளவும் எழுதினேன். மாதவேட்டனுக்கு எழுதியதற்காக உங்கள் மேல் எனக்கு ஆற்றாமை இருக்கிறது, அது சீக்கிரம் போகாது. அது நமக்குள் இருக்கட்டும். அவள் கடிதம் வந்தால் படியுங்கள், பிறகு எரித்துவிடுங்கள். உறையை முதலில் எரியுங்கள், அதில் ஊர் முத்திரை இருக்கும். எந்த ஊர் என்று யாருக்கும் சொல்லாதீர்கள். மாதவேட்டன் கேட்டாலும், ஊரே கேட்டாலும், நானே கேட்டு எழுதினாலும் சொல்லாதீர்கள். நான் கேட்டு எழுதினால் அது நானாக எழுதியதாக இருக்காது.

எனக்கு நீங்கள் எழுதுகிற கடிதம் அவன் கைக்குப் போய்த்தான் என் கைக்கு வரும். எப்போதும் போல எழுதுங்கள். உடம்பு, வேலை, சாப்பாடு, லீவு எப்போது என்று எழுதுங்கள். அவளைத் திட்டியும் எழுதுங்கள், அவனுக்குச் சந்தேகம் வராது. அவள் கடிதம் கிடைத்திருந்தால் மட்டும், கடைசியில் தம்மாமில் மழை பெய்தது என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள். பாலைவனத்தில் மழையா என்று அவன் படித்துவிட்டு ஆச்சரியப்படட்டும்.

விஷுவுக்கு இன்னும் நாள் இருக்கிறது. ஜீப் வரும் என்றுதான் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். மழை பெய்தால் மறக்காமல் எழுதுங்கள் ஏட்டா. பெய்யாவிட்டால், பெய்தது என்று எனக்காகப் பொய் எழுதிவிடாதீர்கள்.

உங்கள்
விலாசினி